பொழுதுண்ணிக்கு ஆறு கால்

அன்பு மகனே,

நீ அனுப்பிய கதையை மூன்று முறை படித்துவிட்டேன். பூச்சி நன்றாக உருவாகியிருக்கிறது. அது இறக்கையை அசைத்தால் பொழுது பின்னால் போகிறது. சிறுவன் தனக்கு வேண்டிய இரவுக்குத் திரும்புகிறான், அவனுடைய தாய் வேலைக்குப் போகாமல் அவன் அருகிலேயே படுத்திருக்கிறாள். அந்தப் பக்கத்தை மட்டும் என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

பொழுதுண்ணி காலத்தைத் திருப்பாது, கண்ணா. அதை உண்டாக்கியவன் நீதான், ஆனால் உனக்கு மறந்துவிட்டது. எனக்கும் பாதி மறந்திருந்ததால் அலமாரியின் அடித்தட்டில் கிடந்த உன் பழைய நோட்டைத் தேடி எடுத்தேன். ஏழு வயதில் வரைந்த படம். பெரிய வயிறு, சிறிய தலை, ஆறு கால். உண்ணி என்றால் எட்டுக் கால் வேண்டுமே என்று நான் கேட்டிருப்பேன் போலிருக்கிறது. ஓரத்தில் ‘இது பூச்சி. உண்ணும், அதனால் உண்ணி’ என்று அழுத்தி எழுதியிருக்கிறாய். அதற்குக் கீழே: ‘அம்மா வரும் வரைக்கும் உள்ள பொழுதைத் தின்னும்.’

எனக்கு அப்போது இரவுப் பணி. நீ தூங்கிவிடுவாய் என்று நம்பிக்கொண்டுதான் கதவைப் பூட்டிக்கொண்டு போவேன். நீ விழித்துக் கிடந்தாய் என்பதையும், அந்த நீண்ட இரவுகளைத் தின்று தீர்க்க உனக்கு ஒரு பூச்சி தேவைப்பட்டது என்பதையும் இத்தனை ஆண்டுகள் கழித்து ஒரு நோட்டிலிருந்து தெரிந்துகொண்டேன். அன்று அந்தப் படத்தை என்னிடம் காட்டியபோது, ‘அப்படியெல்லாம் பூச்சி கிடையாது, போய்ப் படு’ என்று சொன்னது மட்டும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. அந்தப் பதிலை இப்போது திருத்திக்கொள்கிறேன்.

நீ கதை எழுதப் போவதாகச் சொன்ன நாளிலிருந்து பூச்சிகளைப் பற்றித்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். நம் கண் விநாடிக்கு ஏறத்தாழ 60 மினுக்குகளுக்கு மேல் பிரித்துப் பார்ப்பதில்லை. ஈயின் கண் 250 வரை பிரிக்கிறது. நாம் பாய்ந்து அடிக்கும் கை அதற்கு மெதுவாக வருவதாகத்தான் தெரியுமாம். பழ ஈயின் ஒரே ஒரு மரபணு மாறினால் அதன் உடல் கணக்கிடும் நாள் 19 மணி நேரமாகச் சுருங்குகிறது, வேறு விதமாக மாறினால் 28 மணி நேரமாக நீள்கிறது. இதை 1971இலேயே கண்டுவிட்டார்கள்.

என் மனத்தைவிட்டுப் போகாதவை சிள்வண்டுகள். வட அமெரிக்காவில் ஒரு வகை, 17 ஆண்டுகள் மண்ணுக்குள் வேர்ச்சாற்றை உறிஞ்சிக்கொண்டிருந்துவிட்டு, ஒன்றாக மேலே வருகின்றன. இருட்டில் எப்படி எண்ணுகின்றன? ஆய்வாளர்கள் சில இளம்பூச்சிகளை எடுத்து, ஒரே ஆண்டில் இரண்டு முறை தளிர்க்கும்படி செய்த பீச் மரங்களின் வேரில் விட்டிருக்கிறார்கள். அவை ஓராண்டு முன்னதாகவே வெளியே வந்துவிட்டன. ஆண்டுகளை அவை எண்ணவில்லை. மரத்தின் சாறு எத்தனை முறை மாறுகிறது என்பதைத்தான் எண்ணியிருக்கின்றன. கடிகாரம் பார்க்கத் தெரியாத வயதில் நீயும் எதையோ வைத்துத்தானே எண்ணியிருப்பாய். படியில் கேட்கும் காலடியையா? பால்காரரின் மணியையா? அடுத்த முறை பேசும்போது சொல்.

இப்போது உன் கதைக்கு வருகிறேன். பின்னோக்கிப் போகும் பூச்சி உண்மையிலேயே உண்டு. சேமித்த தானியத்தைத் தின்னும் டிரோகோடெர்மா என்ற வண்டின் புழுவுக்கு இரை கிடைக்காவிட்டால், அது தோலுரித்துச் சிறிதாகிறது. மறுபடி உரித்து இன்னும் சிறிதாகிறது, வளர்ந்த வழியே திரும்பி நடப்பதுபோல. இரை கொடுத்தால் மறுபடி வளர்கிறது. 1972இல் இதை எழுதியவர்கள் இன்னொன்றையும் கண்டிருக்கிறார்கள்: உருவம்தான் இளமைக்குத் திரும்புகிறது, உள்ளே செல்கள் முதுமையடைந்துகொண்டே போகின்றன. பட்டினி கிடந்த பூச்சிதான் பின்னால் போகிறது, கண்ணா. உன் கதைச் சிறுவனை அப்படி அனுப்பாதே. அந்த இரவுகளுக்கு அவன் திரும்பினாலும், அவனுக்காகப் படுத்திருக்கும் அந்தத் தாய்க்கு மறுநாள் வேலை இருக்காது. நான் எண்ணிப் பார்த்துத்தான் போனேன். மறுபடி அதே இரவு வந்தாலும் போவேன். போகும் முன் உன் படத்தைச் சரியாகப் பார்த்திருப்பேன், அது ஒன்றுதான் வேறாக இருக்கும்.

இன்னும் மூன்று ஆண்டு கண்மூடித் திறப்பதற்குள் ஓடிவிடும் அம்மா என்று போன வாரம் சொன்னாய். எனக்குச் சொன்ன ஆறுதல் அது என்று தெரியும். ஆனால் அந்த மூன்று ஆண்டுகளைப் பொழுதுண்ணிக்குப் போட்டுவிடாதே. அங்கே உனக்கு நேரும் சின்னச் சின்னச் செய்திகளைக்கூட எழுது. எனக்கு அவை வேண்டும்.

நீ மறந்துவிட்ட விதி ஒன்று நோட்டின் மறுபக்கத்தில் இருக்கிறது. பொழுதுண்ணி தின்ற பொழுதெல்லாம் வீணாவதில்லை. அது முட்டையிடுகிறது. ஒரு முட்டைக்குள் ஒரு மணி நேரம். உடைப்பவர்களுக்கு அந்த நேரம் சொந்தம். இப்படி ஒரு பூச்சியை எவ்வளவு படித்தாலும் என்னால் கற்பனை செய்திருக்க முடியாது. முட்டைகளை என்ன செய்வாய் என்பதையும் நீயே எழுதியிருக்கிறாய்: ‘எல்லா முட்டையும் அம்மாவுக்கு. அம்மா தூங்கம்.’

அந்தப் பக்கத்தைப் படமெடுத்து இந்தக் கடிதத்தோடு அனுப்புகிறேன். பென்சில் மங்கிவிட்டது, வெளிச்சத்தில் வைத்துப் பார். கதையில் சேர்க்கும்போது ‘தூங்கம்’ என்பதைத் திருத்திவிடாதே.

அன்புடன்,
அம்மா