கடிக்கிற அளவு தெரிய வேணாமா?

ஆசிரியர் சாருக்கு வணக்கம். தேவனாம்பட்டினம் பீச் போற வழியில எங்க தெருவுல நாலு நாய்க்குட்டி, ஒண்ணு முன்னங்கால நீட்டி தலையத் தாழ்த்தி பின்பக்கத்த தூக்கி வாலாட்டுச்சுன்னா ‘வா விளையாடலாம்’னு அர்த்தம், அப்புறம் கடிச்சு உருளுறதுதான். செவலக்குட்டி அழுத்திக் கடிச்சா மத்தது வீல்னு கத்திட்டு ஆட்டத்தையே நிறுத்திடுது, இதுவும் அடுத்த வாட்டி மெதுவாக் கடிக்குது, பல்லு எவ்ளோ பதியலாம்னு இப்படித்தான் கத்துக்குதுங்க. எலிக்குட்டிங்களும் தங்களுக்குள்ள விளையாடும்போது நம்ம காதுக்கு எட்டாத 50 கிலோஹெர்ட்ஸ்ல கீச்சிடுது சார், கிட்டத்தட்ட சிரிப்பு! இங்க என்னடான்னா கண்ணு தொறந்து ரெண்டு வாரங்கூட ஆகாத குட்டிய ஆசையாத் தூக்கிட்டுப் போயி, அப்புறம் ‘ஓவரா கடிக்குது’ன்னு தெருவுலயே விட்டுட்டுப் போறாங்க. 8 வாரமாவது கூடப்பொறந்ததுங்களோட உருள விடச் சொல்லி உங்க பேப்பர்ல போடுங்க சார்.

இப்படிக்கு,
வாசகர், கடலூர்