கயிறு கட்டி இறங்கிய இருவருக்கும், கேள்வி கேட்ட தங்கைக்கும் நன்றி

உறவுகளே, நண்பர்களே,

பாறை இடுக்கில் சிக்கிய ஆட்டுக்குட்டியை எங்கள் மகனே மீட்டதாகப் பரவிய அந்த வீடியோவும் அதைத் தொடர்ந்து நடந்தவையும் உங்கள் எல்லோருக்கும் தெரியும். எங்கள் போன் இப்போதுதான் ஓய்ந்திருக்கிறது. மனம் ஆறுவதற்குள் நன்றி சொல்லிவிட வேண்டும்.

முகம்கூடப் பார்த்திராத அந்தக் கல்லூரித் தங்கைக்குத்தான் முதல் நன்றி. ஆளாளுக்கு எங்கள் மகனை 'வீரச் சிறுவன்' என்று கொண்டாடிக்கொண்டிருந்தபோது, "அக்கா, முழு வீடியோ இருக்கா?" என்று கேட்டவர் அவர் ஒருவர்தான். வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் தரம் குறையும், எடுத்த நேரம் போன்ற விவரங்களும் போய்விடும் என்று, டாக்குமெண்டாக அனுப்பச் சொன்னார். பரவிய துண்டை அதோடு ஒப்பிட்டு, எங்கே வெட்டியிருக்கிறார்கள் என்று காட்டினார். இடுப்பில் கயிறு கட்டிப் பாறை இடுக்கில் இறங்கிய மேய்ப்பர்கள் இருவரும் வெட்டுப்பட்ட பகுதியில் இருந்தார்கள். மேலே வந்த ஆட்டுக்குட்டியை எங்கள் மகன் கையில் வாங்கும் காட்சி மட்டுமே மிஞ்சியிருந்தது.

எங்கள் பதிவை அழித்துவிடலாமா என்றோம். வேண்டாம் என்றார். அழித்தாலும் நகல்கள் ஓடிக்கொண்டேதான் இருக்கும், விளக்கம் தேடி வருபவருக்கு ஒன்றும் கிடைக்காது. அதனால் அதே பதிவின் தலைப்பைத் திருத்தி, முழு வீடியோவின் இணைப்பை முதல் கருத்தாக மேலேயே நிற்கும்படி 'பின்' (pin) செய்ய வைத்தார். திருத்தத்தின் முதல் வரியே "குட்டியை மீட்டவர்கள் இரண்டு மேய்ப்பர்கள்" என்று இருக்க வேண்டும், பொய்த் தலைப்பைத் திரும்ப எழுதக் கூடாது என்பதில் கறாராக இருந்தார். படிப்பவர் மனத்தில் பெரிய எழுத்துதானே நிற்கும்! வாட்ஸ்அப்புக்கும் வழி சொன்னார். பலமுறை பகிரப்பட்ட செய்தியை 2020 முதல் ஒரு நேரத்தில் ஓர் உரையாடலுக்குத்தான் அனுப்ப முடியும். நாமே புதிதாக எழுதியதை ஐந்துக்கு அனுப்பலாம். திருத்தம் வேகமாகப் போனது அதனால்தான்.

தகுதிக்கு மீறிய புகழ் ஒரு குழந்தையின் மேல் விழுந்தால், அடுத்த ஆபத்தில் தானே குதிக்க வேண்டும் என்று அது நம்பத் தொடங்கும். எங்களுக்குத் தூக்கம் போனது அந்தப் பயத்தில்தான். பள்ளியில் அவனை மேடையேற்றாமல், வழக்கம்போல் வகுப்பில் உட்கார வைத்த ஆசிரியருக்கும், பாராட்டு விழாவை நிறுத்தியவர்களுக்கும், திருத்தத்தைப் பகிர்ந்த ஒவ்வொருவருக்கும் நன்றி.

மேய்ப்பர் அண்ணன்களே, உங்கள் சம்மதம் இல்லாமல் பெயரையோ படத்தையோ வெளியிட மாட்டோம். எங்களுக்கு வந்த பரிசுகளைப் பிரிக்காமல் வைத்திருக்கிறோம். அனுப்பியவர்களிடம் உண்மையைச் சொல்லிவிட்டோம். உங்களிடமே கொடுக்கச் சொன்னவர்களின் பரிசுகளோடு இந்த வாரக் கடைசியில் வருகிறோம்.