அருணாவுக்கு: நாராவில் ஓர் இரவு தங்கு

அன்புள்ள அருணா,

நீ அனுப்பிய ஜப்பான் பயணத் திட்டத்தைப் பார்த்தேன். கியோட்டோவுக்கு நான்கு நாள், ஒசாகாவுக்கு இரண்டு நாள், நாராவுக்கு மட்டும் காலை பத்து மணியிலிருந்து மதியம் இரண்டு மணி வரை: மான், பெரிய புத்தர், அவ்வளவுதான். எல்லாரும் போடுகிற திட்டம்தான், குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் நீ போவது மார்ச் முதல் வாரம் என்பதால் என்னால் சும்மா இருக்க முடியவில்லை. கியோட்டோவில் ஒரு நாளைக் குறைத்துக்கொண்டு நாராவில் ஓர் இரவு தங்கு.

மார்ச் 1 முதல் 14 வரை, அந்தப் பெரிய புத்தர் இருக்கும் தோடாய்ஜி கோயிலின் நிகாட்சுதோ மண்டபத்தில் ஷுனியே என்ற வழிபாடு நடக்கும். ஊர் மக்கள் ஒமிசுதோரி என்பார்கள். உலகத்தார் செய்த தவறுகளுக்கெல்லாம் பதினொரு துறவிகள் பதினொரு முகக் கன்னோன் (கருணையின் போதிசத்துவர்) முன்பு மன்னிப்புக் கேட்கிறார்கள். 752-இல் தொடங்கியது, இன்றுவரை ஒரு வருஷம்கூட விட்டுப்போனதில்லை. 1180-இல் தைரா என்ற போர்க்குலத்தின் படை தோடாய்ஜியைக் கொளுத்தியது. அடுத்த ஆண்டு வழிபாட்டை நிறுத்திவிடலாம் என்ற பேச்சு எழுந்தபோதும் சில துறவிகள் பிடிவாதமாக நடத்தி முடித்தார்கள். 1667-இல் வழிபாடு நடந்துகொண்டிருந்தபோதே மண்டபம் எரிந்துபோனது. நீ பார்க்கப்போவது 1669-இல் திரும்பக் கட்டியது. கொரோனா வந்தபோது துறவிகள் முன்கூட்டியே தங்களைத் தனிமைப்படுத்திக்கொண்டு வந்து செய்தார்கள். யாருக்காக இவ்வளவு பிடிவாதம் என்று எனக்கு அடிக்கடி தோன்றும்.

மாலை ஏழு மணிக்குத் தீப்பந்தங்கள் வரும். சுமார் 6 மீட்டர் நீள மூங்கிலின் நுனியில் எரியும் பெரிய பந்தம். ஒவ்வொரு துறவியும் படியேறும்போது வழிகாட்டத்தான் அது. மற்றபடி நமக்காக நடக்கும் வாணவேடிக்கை இல்லை. துறவியை உள்ளே விட்ட பிறகு, பந்தம் தூக்கியவர் மேலே மர முகப்பின் ஓரமாக ஓடி, அதைச் சுழற்றிப் பொறிகளைக் கொட்டுவார். கீழே நிற்கும் கூட்டம் ஆவென்று கத்தும். சாதாரண நாட்களில் பத்துப் பந்தங்கள்தான், ஏனென்றால் ஒரு துறவி முன்னதாகவே உள்ளே போய் வேலையைத் தொடங்கிவிடுவார். 12-ஆம் தேதி மட்டும் பதினொன்று, அதுவும் இன்னும் பெரியவை. அன்று கூட்டத்தில் நசுங்க வேண்டியிருக்கும், வேண்டாம்.

இருபது நிமிடத்தில் பந்தங்கள் முடிந்துவிடும். முக்கால்வாசிப் பேர் ரயிலைப் பிடிக்கக் கிளம்பிவிடுவார்கள். நீ கிளம்பாதே. இரவு வழிபாடு அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது, நள்ளிரவு தாண்டியும் போகும். மண்டபத்தைச் சுற்றியுள்ள சிறு அறைகளில் யாரும் உட்கார்ந்து கேட்கலாம். உள் மண்டபத்துக்குப் பெண்களை விடமாட்டார்கள், மரச்சட்டத்துக்கு வெளியே இருந்துதான் பார்க்க வேண்டும். எனக்கு அது பிடிக்கவில்லை. உனக்கும் பிடிக்காது, தெரியும். ஆனாலும் போ. பார்வைக்குக் கிடைப்பது எண்ணெய் விளக்கில் அசையும் நிழல் மட்டும். காதுக்குத்தான் விருந்து: மரச்செருப்புகளின் தடதடப்பு, மணி, சங்கு, கன்னோனின் பெயரைப் பாட்டாக நீட்டிப் பிறகு வேகவேகமாகச் சுருக்கும் குரல்கள். திடீரென்று ஒரு துறவி பலகைமேல் உடம்பை அடித்து விழுவார், அந்தச் சத்தத்தில் தூக்கிவாரிப்போடும்.

முடிந்தால் 5-ஆம் தேதி போ. அன்றும் 12-ஆம் தேதியும் கோயிலுக்குத் தொடர்புடைய இறந்தவர்களின் பெயர்ப் பட்டியலை வாசிப்பார்கள், கோயிலைக் கட்டுவித்த பேரரசர் ஷோமுவில் தொடங்கி. காமாகுரா காலத்தில் (12 முதல் 14-ஆம் நூற்றாண்டு வரை) ஒரு துறவி இதை வாசித்துக்கொண்டிருந்தபோது நீல உடை உடுத்திய ஒரு பெண் தோன்றி, என் பெயரை ஏன் விட்டுவிட்டாய் என்று கேட்டாளாம். பெயர் தெரியாத துறவி சட்டென்று குரலைத் தாழ்த்தி "நீல உடைப் பெண்" என்று வாசிக்க, அவள் மறைந்துபோனாள். இன்றைக்கும் அந்த இடம் வரும்போது குரலைத் தாழ்த்தித்தான் வாசிக்கிறார்கள். எந்தப் பெண் அவள் என்று யாருக்கும் தெரியாது, ஆனால் பட்டியலில் அரசர்களோடு இருக்கிறாள். பெண்களை உள்ளே விடாத மண்டபத்தில்!

தண்ணீர்க் கதையும் உண்டு. வழிபாட்டுக்கு எல்லாத் தெய்வங்களையும் அழைத்தபோது வகாசா என்ற பழைய மாகாணத்தின் ஒன்யூ தெய்வம் மீன் பிடிக்கப் போய்விட்டுத் தாமதமாக வந்ததாம். அதற்கு ஈடாகக் கன்னோனுக்குத் தண்ணீர் தருவதாக ஒப்புக்கொண்டது. அதனால் மார்ச் 2-ஆம் தேதி, வடக்கே அந்த வகாசாவின் கடற்கரை ஊரான ஒபாமாவில் ஓர் ஆற்றில் புனித நீரை ஊற்றி அனுப்புகிறார்கள். அது பூமிக்கடியில் பத்து நாள் நடந்து நாரா வந்து சேரும் என்பது நம்பிக்கை. 12-ஆம் தேதி நள்ளிரவுக்குப் பின் மண்டபத்தின் கீழுள்ள கிணற்றில் அதை இறைப்பார்கள். ஒமிசுதோரி, அதாவது 'நீர் எடுத்தல்', என்ற பெயரே இதனால்தான்.

பெரிய புத்தரையும் பார், வேண்டாம் என்று சொல்லமாட்டேன். 735-ஐ ஒட்டிப் பரவிய பெரியம்மை நாட்டைச் சூறையாடிய பிறகு ஷோமு செய்வித்த சிலை அது. 752-இல் அதன் கண்ணை வரைந்து திறந்து வைத்தவர் இந்தியாவிலிருந்து போன துறவி, 736-இல் ஜப்பான் வந்த போதிசேனர். அவர் பிடித்த தூரிகையில் கட்டிய நீளமான நீலக் கயிற்றை அங்கிருந்தோர் பிடித்துக்கொண்டார்களாம். தூரிகையும் கயிறும் பக்கத்திலுள்ள ஷோசோயின் கருவூலத்தில் இன்றும் இருக்கின்றன. இலையுதிர் காலத்தில் சில பொருட்களை மட்டும் வெளியே எடுத்துக் காட்டுவார்கள்.

காலையில் சாகாயு கேள், தேயிலை நீரில் வேகவைத்த அரிசிக் கஞ்சி. ராத்திரி முழுக்கக் குளிரில் உட்கார்ந்த உடம்புக்கு இதமாக இருக்கும். மான்களைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை, பிஸ்கட்டைக் கையில் எடுத்ததும் அவையே உன்னைத் தேடி வரும்.

கனமான காலுறை இரண்டு ஜோடி எடுத்துக்கொள், செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உட்கார வேண்டும். ஒசாகா நம்பாவிலிருந்து கிண்டெட்சு ரயிலில் நாற்பது நிமிடம்தான், ஆனால் கடைசி ரயில் வழிபாடு முடியும்வரை காத்திருக்காது. அறையை இன்றைக்கே பதிவு செய்துவிடு, அப்புறம் கிடைக்காது.

அன்புடன்,
அக்கா