நான்தான் சார் துணை நடிகர்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை உங்க சினிமா பக்கத்துல டெல்லி கணேஷ் போட்டோவைப் போட்டு கீழ 'மறைந்த துணை நடிகர்'னு எழுதியிருந்தீங்க. அதோட அந்தப் பக்கத்தை மடிச்சு வெச்சிட்டேன்.

துணை நடிகர்னா யாருன்னு உங்களுக்குத் தெரியாம இருக்காது, இருந்தாலும் சொல்றேன், நான்தான் சார் துணை நடிகர். 1980கள்ல ஆறு வருஷம் வடபழனியில விடியக்காலை ஏஜென்ட் வீட்டு வாசல்ல நின்னு, வேன்ல அடைஞ்சு போயி, கல்யாண சீன்ல பந்தியில உக்காந்து, கோர்ட் சீன்ல பின் பெஞ்சுல தூங்கி வழிஞ்சு, கமிஷன் போக மிச்சத்தை வாங்கிட்டு பஸ் ஏறினவன். டயலாக் கிடையாது, டைட்டில்ல பேர் கிடையாது, அதுல எனக்கு வெக்கமும் கிடையாது. ஆனா 400 படத்துக்கு மேல நடிச்ச மனுஷனையும் என்னையும் ஒரே வரிசையில நிக்க வெச்சா எப்படி? குணச்சித்திர நடிகர்னு ஒரு வார்த்தை முன்னெல்லாம் உங்க பேப்பர்லயே வரும். இப்ப அதுக்கு எடம் பத்தல போல. ஹீரோ பொறந்தநாள்னா மட்டும் முழுப்பக்கம் எங்கிருந்தோ வந்துடுது.

கட்டுரையில 'காமெடி வேடங்களில் கலக்கியவர்'னு வேற. 1979ல வந்த 'பசி'யில அந்த ரிக்‌ஷாக்கார அப்பா முனியாண்டியைப் பாத்து யாராச்சும் சிரிச்சாங்களா? அதுக்கு தமிழக அரசு சிறப்புப் பரிசே குடுத்துச்சு. 'சிந்து பைரவி'யில மிருதங்கக்காரர், 'நாயகன்'ல ஐயர், 'அபூர்வ சகோதரர்கள்'ல நாலு வில்லன்ல ஒருத்தர். '47 நாட்கள்'ல சிரஞ்சீவிக்கு குரல் குடுத்ததும் இவர்தான், அதெல்லாம் எழுதுனவருக்கு கூகுள்ல கிடைக்கல போலிருக்கு.

எங்க வீட்டம்மா பாலக்காட்டுக்காரங்க. 'மைக்கேல் மதன காமராஜன்'ல டெல்லி கணேஷ் பாலக்காட்டு மணி ஐயரா வர்ற, சாம்பார்ல மீன் விழுற சீனைப் பாத்துட்டு என் மச்சினர், இவர் கண்டிப்பா எங்க பாலக்காட்டு கல்பாத்தி அக்ரஹாரத்து ஆளுதான்னு சத்தியம் பண்ணாரு. வல்லநாடுப்பா, எங்க ஸ்ரீவைகுண்டம் பக்கம்தான்னு நான் சொன்னா நம்பவே இல்ல. பத்து வருஷம் ஏர்ஃபோர்ஸ்ல இருந்து, டெல்லி தமிழ் நாடகக்குழுவுல நடிச்சு, பாலசந்தரோட 'பட்டினப் பிரவேசம்' வழியா வந்தவர் சார். சீரியல்ல எத்தனை வீட்டுக்கு அப்பா, தாத்தா! கடைசி காலத்துல சின்னப் பசங்க குறும்படத்துக்குக் கூட போயி நடிச்சுக் குடுத்தாரு. 2024 நவம்பர்ல 80 வயசுல போனப்ப உங்க பேப்பர்ல ஒழுங்காத்தான் எழுதுனீங்க, அதையாவது எடுத்துப் பாத்திருக்கலாம்.

எழுத உக்காந்துட்டேன், மிச்சத்தையும் சொல்லிடுறேன். விலையை ஏத்துனீங்க, சினிமா இணைப்பு நாலு பக்கத்துல இருந்து ஒரு பக்கமாச்சு. சுடோகு விடை ரெண்டு தடவை தப்பா வந்துச்சு. செட்டுல லைட் விழுந்து ஒரு துணை நடிகர் கால் ஒடிஞ்சப்ப (என் கூட வேன்ல வந்த பையன்) நான் எழுதுன கடுதாசியை நீங்க போடவே இல்ல. அப்ப அந்த வார்த்தைக்கு உங்க பேப்பர்ல எடம் இல்ல, இப்ப தப்பான ஆளுக்கு தாராளமா இருக்கு.

பெருசா ஒண்ணும் கேக்கல. பிழை திருத்தம்னு ஒரே ஒரு வரி, ராசிபலனுக்கு கீழயாவது போடுங்க. இந்தக் கடிதத்தைச் சுருக்குறதா இருந்தா சுடோகுவை வெட்டிக்கோங்க, 'பசி'யை வெட்டாதீங்க.

இப்படிக்கு,
பழைய வாசகன், பழைய துணை நடிகன்
ஸ்ரீவைகுண்டம்