வெள்ளைச் சிமெண்டைத் தொடாதே

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுவது. நீ அனுப்பிய படத்தை நானும் அப்பாவும் பெரிதாக்கிப் பார்த்தோம். டாய்லெட் கோப்பையின் அடியில் முன்பக்கமாகத் தண்ணீர் கசிந்து டைல்ஸ் இடுக்கில் நிற்கிறது. "மேஸ்திரி வந்து சுத்தி வெள்ளைச் சிமெண்ட் பூசிடறேன்னு சொல்லிட்டார்" என்று கீழே ஒரு வரி போட்டிருந்தாய். அந்த வரிக்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். போனில் சொன்னால் "சரிம்மா, சரிம்மா" என்பாய், வைத்ததும் மறந்துவிடுவாய். எழுத்தில் இருந்தால் பாத்ரூமில் பக்கெட்டும் கையுமாக நிற்கிறபோது எடுத்துப் பார்க்கலாம்.

முதலில் மேஸ்திரியை இப்போதைக்கு வர வேண்டாம் என்று சொல். நம் கடைக் கல்லாவில் உட்கார்ந்த காலத்தில் வெள்ளைச் சிமெண்ட் வாங்கிப் போனவர்கள் எத்தனை பேர் அடுத்த மழைக்குள் திரும்பி வந்தார்கள் என்று எனக்குத் தெரியும். கோப்பையில் ஆள் உட்கார்ந்து எழும் ஒவ்வொரு தடவையும் அது மயிரிழை அளவாவது அசையும். சிமெண்டுக்கு வளையத் தெரியாது, விரிசல் விடும். அதுகூடப் பரவாயில்லை. விரிசல் விடாமல் நன்றாகப் பிடித்துக்கொண்டால்தான் ஆபத்து. உள்ளே கசிவது நிற்காது, வெளியே வரும் வழி மட்டும் அடைபட்டுவிடும். உன் கண்ணுக்குத் தெரிகிற தண்ணீர் தெரியாமல் போய், தரைக்குள் இறங்கிவிடும். பல வீடுகளில் பாத்ரூம் தளத்தை மற்ற அறைகளைவிடப் பள்ளமாக இறக்கிப் போட்டு, அந்தப் பள்ளத்தைச் செங்கல் ஜல்லியால் நிரப்பித்தான் மேலே டைல்ஸ் ஒட்டுவார்கள். அந்த ஜல்லிக்குள் தண்ணீர் மாதக்கணக்கில் ஊறிக் கிடக்கும். அப்புறம் ஒருநாள் கீழ்வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டுவார். வந்து நிற்பது சுத்தமான தண்ணீரும் இல்லை, அதையும் யோசித்துக்கொள்.

ஆகவே பூசுவதற்கு முன்னால் எங்கிருந்து வருகிறது என்று கண்டுபிடி. அடியில் தண்ணீர் நிற்பதால் அடியில்தான் ஓட்டை என்று முடிவு கட்டாதே. பாத்ரூம் தரை நீர் போகும் ஓட்டையைப் பார்த்துச் சரிந்திருக்கும். பின்சுவரில் சொட்டுகிற தண்ணீர் அந்தச் சரிவில் ஓடி வந்து கோப்பையின் அடியைச் சுற்றிக்கொண்டு முன்னால் வந்து நிற்கும். பார்க்கிறவர்கள் கோப்பையைக் கழற்றச் சொல்வார்கள். கோளாறு ஒரு வாஷரில் இருக்கும்.

ராத்திரி எல்லாரும் படுத்த பிறகு இதைச் செய். மாப்பிள்ளையிடமும் சொல்லி வை, அன்று ராத்திரி அவசரமென்றால் இன்னொரு பாத்ரூமுக்குப் போகட்டும். பழைய துணியால் கோப்பை, டேங்கின் அடிப்பக்கம், பின்சுவர், அதில் தண்ணீரைத் திறந்து மூடுகிற ஆங்கிள் வால்வு, கனெக்‌ஷன் ஓஸ், தரை எல்லாவற்றையும் ஈரமில்லாமல் துடை. ஃபேன் காற்று போகிற மாதிரி கதவைத் திறந்து வைத்துக் கொஞ்ச நேரம் காயவிடு. அப்புறம் செய்தித்தாளைக் கிழித்துக் கோப்பையைச் சுற்றித் தரையில் பரப்பு. ஆங்கிள் வால்வுக்கு நேர் கீழே ஒன்று, கழுவுகிற கைக்குழாய், அதுதான் ஹெல்த் ஃபாசெட், தொங்குகிற இடத்துக்குக் கீழே ஒன்று, டேங்குக்குக் கீழே ஒன்று என்று தனித்தனித் துண்டாகப் போடு. டைல்ஸில் ஈரம் கண்ணுக்குத் தெரியாது, தாளில் ஒரு சொட்டு விழுந்தாலும் வட்டம் போட்டுக் காட்டும்.

காலையில் ஃபிளஷ் பண்ணாமலே தாள் நனைந்திருந்தால் நல்ல சேதி. அநேகமாக வரும் தண்ணீரில்தான் ஒழுக்கு, போகும் தண்ணீரில் இல்லை. பெரும்பாலும் ஹெல்த் ஃபாசெட்தான் குற்றவாளி. அதற்கென்று தனி வால்வு இருக்கும், யாரும் மூடுவதில்லை. கைப்பிடியை விட்டதும் தண்ணீர் நின்றுவிட்டது என்று நினைக்கிறோம். உண்மையில் ஓஸ் முழுவதும் அழுத்தத்தோடு நின்றுகொண்டிருக்கிறது, எங்கே வாஷர் தேய்ந்திருக்கிறதோ அங்கே சொட்டும். உங்கள் அபார்ட்மெண்டில் பிரஷர் பம்ப் வேறு வைத்திருக்கிறார்கள் என்றாயே. அடுத்தது டேங்குக்குப் போகிற கனெக்‌ஷன் ஓஸ். அதன் இரண்டு நட்டையும் ஒரு டிஷ்யூவால் சுற்றித் துடைத்துப் பார், டிஷ்யூ ஈரமானால் பிடிபட்டது. உங்கள் போர் தண்ணீரில் உப்பு அதிகம் என்பதால், ஒழுகுகிற நட்டைச் சுற்றி வெள்ளையாகவோ பச்சையாகவோ பூத்திருக்கும். நாள்பட்ட ஒழுக்கு என்பதற்கு அதுவே அடையாளம். வால்வை மூடு, ஓஸைக் கழற்று, வாஷரை மாற்று. சுவரில் வால்வு திருகியிருக்கும் மரையில் ஒழுகினால்தான் டெஃப்லான் டேப். ஓஸ் நட்டுக்கு டேப் சுற்றி இறுக்குகிறவர்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சல்தான் வரும், அங்கே தண்ணீரைத் தடுப்பது உள்ளே இருக்கிற ரப்பர் வாஷர். டேங்க் பக்கத்து நட்டு பிளாஸ்டிக், அதைக் கையால் இறுக்கி ஸ்பேனரால் ஒரு சின்ன இழுப்பு, அவ்வளவுதான். பலம் காட்டினால் டேங்கின் கழுத்து உடையும்.

அமெரிக்காவில் இருக்கிற உன் சித்தி மகள், கோடையில் அவள் வீட்டு டேங்க் வெளியே வியர்த்துச் சொட்டும் என்பாள். குழாயில் வரும் தண்ணீர் சில்லென்று இருந்து, வீட்டுக் காற்று ஈரமாக இருந்தால் அப்படி ஆகும். சென்னையில் மொட்டை மாடி டேங்கிலிருந்து வரும் தண்ணீரில் மே மாதம் அரிசியே வேகும், உனக்கு அந்தச் சந்தேகம் வேண்டாம்.

தாள் காய்ந்தே இருந்தால் அடுத்தது பக்கெட் சோதனை. ஃபிளஷைத் தொடாதே. ஒரு பக்கெட் தண்ணீரைக் கோப்பைக்குள் வேகமாக, வெளியே சிந்தாமல் ஊற்று. அது ஃபிளஷ் மாதிரியே உள்ளே இழுத்துக்கொண்டு போகும். இப்போது அடியில் ஈரம் வந்தால் கோளாறு கோப்பைக்கும் தரைக் குழாய்க்கும் நடுவில் இருக்கிற இணைப்பில். வரவில்லையென்றால் மறுபடி துடைத்துவிட்டு டேங்கை ஃபிளஷ் பண்ணிப் பார். அப்போது மட்டும் வந்தால் டேங்குக்கும் கோப்பைக்கும் நடுவில் இருக்கிற ரப்பர் வளையம் போயிருக்கிறது; டேங்கைப் பிடித்திருக்கிற போல்ட்டின் வாஷர் போயிருந்தால் ஃபிளஷ் பண்ணாமலே சொட்டும். உன் வீட்டில் இருப்பது டேங்க் தனி, கோப்பை தனி என்று இரண்டு துண்டாக வருகிற வகை, அதனால் இதைச் சொல்கிறேன். இன்னும் சந்தேகமாக இருந்தால் துணிக்குப் போடுகிற சொட்டு நீலத்தை டேங்கில் கொஞ்சம் விட்டு ஃபிளஷ் பண்ணு. கோப்பையின் பின்பக்கத்தில் நீலக்கோடு இறங்கியிருந்தால் டேங்க் இணைப்பு. இன்னொன்றும் தெரியும். நீலம் விட்டபின் ஃபிளஷே பண்ணாமல் கொஞ்ச நேரம் வைத்திருந்து, கோப்பைக்குள் நிற்கிற தண்ணீர் நீலமானால் டேங்கின் உள் வால்வு ஒழுகுகிறது. அது தரைக்கு வராது, ஆனால் தண்ணீர் லாரிக்கு நீ கொடுக்கிற காசு அதில்தான் போகிறது.

ஃபிளஷும் பண்ணவில்லை, வால்வுகளும் மூடியிருக்கின்றன, அப்படியும் கோப்பைக்குள் நிற்கிற தண்ணீர் மட்டம் குறைந்துகொண்டே போய் அடியில் ஈரமும் வந்தால் பீங்கானில் கீறல். அதற்கு எம்-சீல், பசை என்று எதையும் பூசாதே. கோப்பையை மாற்றத்தான் வேண்டும்.

எனக்கு என்னவோ உன் வீட்டில் அடி இணைப்புதான் என்று படுகிறது. படத்தில் வாசல்படியைப் பார்த்தேன். பாத்ரூம் தரைக்கும் படிக்கும் உயர வித்தியாசமே இல்லை. முன்பு இருந்தவர்கள் பழைய டைல்ஸை உடைக்காமல் அதன் மேலேயே புது டைல்ஸ் ஒட்டியிருக்கிறார்கள். உடைக்கிற கூலி மிச்சம். ஆனால் தரை உயர்ந்துவிட்டது, தரைக்குள் இருக்கிற குழாயின் வாய் பழைய உயரத்திலேயே நிற்கிறது. கோப்பையின் அடிவாய்க்கும் குழாய்க்கும் நடுவில் இடைவெளி. அங்கே கசிவைத் தடுக்க வைக்கிற ரிங் எட்டாமல் அரைகுறையாக உட்கார்ந்திருக்கும். ஒவ்வொரு ஃபிளஷுக்கும் நாலு சொட்டு வெளியே போகும், சாக்கடை நாற்றமும் அந்த வழியாகத்தான் ஏறி வரும். கோப்பை வளைவில் நிற்கிற இரண்டு அங்குலத் தண்ணீர்தான் நாற்றத்தைத் தடுக்கிறது. அடி இணைப்பு விட்டுப்போனால் வாயு அந்தத் தண்ணீரைச் சுற்றிக்கொண்டு நேராக அறைக்குள் வந்துவிடும். எவ்வளவு கழுவினாலும் வாடை போகவில்லை என்று பொங்கலுக்கு வந்தபோது சொன்னாய் அல்லவா?

கோப்பையில் உட்கார்ந்து இடமும் வலமும் சாய்ந்து பார். கொஞ்சம் ஆடினாலும் இணைப்பு கெட்டிருக்கும் என்றே வைத்துக்கொள்.

கழற்றுவதற்கு முன்னால் கீழ்வீட்டு மாமியிடம் நீயே போய்ச் சொல்லிவிடு. அவர்களாக வந்து கேட்கும்வரை காத்திருக்காதே. போகும்போது அவர்கள் பாத்ரூம் மேற்கூரையையும் பார்த்துவிடு. சில கட்டடங்களில் மேல்வீட்டுக் குழாய் கீழ்வீட்டுக் கூரைக்கு அடியில் தொங்கும், அதை மறைக்க ஃபால்ஸ் சீலிங் போட்டிருப்பார்கள். அப்படி இருந்தால் ஒரு பலகையைத் தள்ளிவிட்டு டார்ச் அடித்து நீ பார்த்துக்கொண்டிரு, மேலே மாப்பிள்ளை ஃபிளஷ் பண்ணட்டும். குழாய் தளத்தைத் துளைத்து வருகிற இடத்தில் ஈரம் மினுங்கினால் வேறு சோதனையே தேவையில்லை. ஈரம் அங்கே இல்லாமல் மூலைகளில் பரவலாக இருந்தால், உன் பாத்ரூமில் குளிக்கிற பக்கத்து டைல்ஸ் இடுக்குகளைச் சந்தேகப்படு. அது தனிக் கதை, அப்புறம் சொல்கிறேன்.

கோப்பையைத் தூக்குவதை நீங்கள் இருவரும் செய்ய வேண்டாம், பிளம்பரைக் கூப்பிடு. ஆனால் பக்கத்திலேயே நின்று பார். வால்வை மூடி, டேங்கைக் காலி பண்ணி, கோப்பைக்குள் நிற்கிற தண்ணீரையும் துணியில் ஒற்றி எடுத்த பிறகுதான் தூக்க வேண்டும். அடியில் பழைய சிமெண்ட் பிடித்திருந்தால் பிளேடும் சின்ன உளியும் வைத்துப் பொறுமையாக எடுக்கணும், சுத்தியலால் தட்டினால் பீங்கான் போய்விடும். தூக்கியதும் குழாய் வாயில் ஒரு துணியைப் பந்தாகச் சுருட்டி அடைக்கச் சொல். நாற்றம் ஏறாது, நட்டு போல்ட்டு உள்ளே விழாது. திரும்ப வைக்கும்போது துணியை எடுக்கவும் சொல். சிரிக்காதே, துணி உள்ளேயே இருந்து மறுபடி கழற்றிய வீடுகள் இந்த ஊரிலேயே உண்டு.

குழாய் வாய் தரைமட்டத்துக்குக் கீழே இருந்தால் ஒரு துண்டு ஒட்டி உயர்த்த வேண்டும். இல்லையென்றால் புது ரிங் போட்டும் பிரயோஜனமில்லை. ரப்பரோ மெழுகோ, எதுவானாலும் ரிங் புதிது. மெழுகு ரிங் ஒரு தடவைதான் அழுந்தும். கோப்பையை வைத்தபின் சரியில்லை என்று மறுபடி தூக்கினால் இன்னொரு மெழுகு ரிங் வாங்க வேண்டும். நேராக இறக்கி, மேலே உட்கார்ந்து எடையால் அழுத்தணும். ஆடினால் அடியில் பிளாஸ்டிக் ஆப்பு கொடுத்து ஆட்டத்தை நிறுத்திவிட்டு, இரண்டு பக்கத்து நட்டையும் மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்கணும்.

உடனே அடியைச் சுற்றிச் சிலிகான் பசை பூச விடாதே. ஒரு நாள் சும்மா பயன்படுத்துங்கள், மறுபடி செய்தித்தாள் போட்டுப் பாருங்கள். காய்ந்த தாள் கிடைத்தால் மட்டும் பூச்சு. முன்னும் பக்கமும் பூசிவிட்டு, சுவர்ப்பக்கம் இரண்டு விரல் அகலம் பூசாமல் விடச் சொல். சில பிளம்பர்கள் முழுக்கப் பூசினால்தான் பார்க்க அழகு என்பார்கள். மீண்டும் ஒழுகினால் அந்த இடைவெளி வழியாகத்தான் உனக்குத் தகவல் வரும், விட்டுக்கொடுக்காதே. பூஞ்சை பிடிக்காத பாத்ரூம் சிலிகான் என்று கேட்டு வாங்கு. சில சிலிகானில் வினிகர் மாதிரி நெடி அடிக்கும், காய்ந்ததும் போய்விடும். பூசிய பிறகு ஒரு நாள் அங்கே தண்ணீர் ஊற்றக் கூடாது.

பிளம்பருக்குக் கையுறை வாங்கி வை. வேலை முடிந்ததும் சோப்பும் வெந்நீரும் எடுத்துக் கொடு, அப்புறம் காபி. கூலியில் பேரம் பேசாதே. இந்த வேலையில் கை வைக்கிற மனுஷனிடம் நூறு ரூபாய்க்கு நின்று வாதாடுகிறவர்களை அப்பா கடைக்குள்ளேயே திட்டியிருக்கிறார்.

கழற்றிய ரிங்கைக் குப்பையில் போட்டுவிடாதே. கவரில் சுற்றி எடுத்துக்கொண்டு போய்க் கடையில் காட்டி, அதே அளவு வாங்கு. குழாய் நாலு அங்குலம் என்று வாயால் சொன்னால் கையில் இருக்கிறதை எடுத்து நீட்டி, "இதுதாம்மா எல்லாத்துக்கும் செட் ஆகும்" என்பார்கள். கடைக்காரர்களைப் பற்றி எனக்கு நீ சொல்ல வேண்டியதில்லை.

அன்புடன்,
அம்மா