அந்த ஒரு பெயரையும் போடுங்கள்

பழைய உஸ்பெக் படங்களைச் சீர்செய்து இணையத்தில் வெளியிடும் அன்பர்களுக்கு,

வணக்கம். போன வாரம் உங்கள் தளத்தில் ‘ஏழாவது தோட்டா’ (1972) பார்த்தேன். கீறலெல்லாம் போய்ப் படம் பளிச்சென்று இருக்கிறது, அதற்கு மனதார நன்றி. படத்தைப் பற்றிய குறிப்பில் இயக்குநர் அலி ஹம்ராயேவ் இருக்கிறார், எழுதிய கொன்சலோவ்ஸ்கியும் கொரென்ஸ்டைனும் இருக்கிறார்கள், நடித்த சொக்மொரோவ் இருக்கிறார். இசையமைத்தவரை மட்டும் காணோம்.

சரி, படத்தின் தொடக்கத்தில் இருக்குமே என்று பார்த்தால் எழுத்தெல்லாம் ரஷ்ய மொழியில் ஓடுகிறது. உங்கள் சப்டைட்டில்காரர் இயக்குநர் பெயர் வரும்போது விழித்திருக்கிறார், இசையமைப்பாளர் பெயர் வரும்போது தேநீர் குடிக்கப் போய்விட்டார். எனக்கு ரஷ்யன் தெரியாது. படத்தை நிறுத்தி, ஒவ்வோர் எழுத்தையும் ஒரு தாளில் கோலம் போடுவதுபோல வரைந்து, எழுத்து அட்டவணையை வைத்துக்கொண்டு கூட்டிக்கூட்டிப் படித்தேன். முதல் தடவை தலைகீழான ஒரு எழுத்தைத் தப்பாக வரைந்து, ஒலிப்பதிவாளரையே இசையமைப்பாளர் என்று எண்ணிக்கொண்டு அரை மணி நேரம் தேடிய கூத்தும் நடந்தது. ராத்திரி ஒரு மணிக்குத்தான் பெயர் கிடைத்தது: ரூமில் வில்தானோவ். அப்புறம்தான் தெரிந்தது, அதே ஹம்ராயேவின் ‘பறவைகளின் பின்னே போகிறவன்’ (1975) படத்துக்கும் இசை இவர்தான் என்று. குதிரைக் குளம்படி கேட்கும் துப்பாக்கிப் படத்துக்கும் வசந்தகாலக் கவிதை மாதிரியான படத்துக்கும் ஒரே ஆள்! உங்கள் தளத்தை மட்டும் நம்பியிருந்தால் எனக்கு இது ஒருநாளும் தெரிந்திருக்காது.

ஆகவே கேட்கிறேன், இசையமைப்பாளரின் பெயரைப் போடுங்கள்.

இவர் ஒருவரோடு போகும் விஷயமில்லை இது. தண்டனையாக 1936-இல் தாஷ்கண்டுக்கு அனுப்பப்பட்ட அலெக்சி கொஸ்லோவ்ஸ்கி, தண்டனைக் காலம் முடிந்தும் அந்த ஊரிலேயே தங்கி, 1945-இல் ‘தாஹிரும் ஸுஹ்ராவும்’ படத்துக்கு இசை எழுதினார். தாஷ்கண்டின் மஹல்லா (அக்கம்பக்கத்தார் கூடி வாழும் குடியிருப்பு) வாழ்க்கையைச் சிரிக்கச்சிரிக்கக் காட்டிய 1960-ஆம் வருடத்துப் படத்துக்கு மனாஸ் லெவியேவ். இவர்களெல்லாம் உங்கள் கணக்கில் யார்? இந்தியாவும் சோவியத்தும் சேர்ந்தெடுத்த அலிபாபா படம் (1980) என்றால் ஆர்.டி. பர்மன் பெயரை எல்லாரும் சொல்வார்கள், கூட வேலை செய்த விளாதிமிர் மீலோவைக் கேட்டால் முழிப்பார்கள். அதுசரி, இசை தானாக முளைத்து வந்து படத்தில் ஒட்டிக்கொள்கிறது போலிருக்கிறது! தயாரிப்பு நிர்வாகிக்கு இடம் இருக்கிறது, படத்தைச் சீர்செய்த உங்கள் குழுவின் பதினோரு பேருக்கும் இடம் இருக்கிறது, ஒரு வரிக்குத்தான் பஞ்சம்.

கோபத்தில் கொஞ்சம் கூடுதலாகப் பேசிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். ரூமில் வில்தானோவ் என்று ஒரு வரி, சப்டைட்டிலிலும் குறிப்பிலும் சேர்த்துவிடுங்கள். அந்தத் தாளைப் பத்திரமாக வைத்திருக்கிறேன். எழுத்துக்கூட்டல் வேண்டுமென்றால் படமெடுத்து அனுப்புகிறேன்.

உங்கள் பழைய சந்தாதாரர்