ஆண்ட்ரூ வாட்சன் மூன்றே ஆட்டங்களோடு நின்றது ஏன்? ஸ்காட்லாந்து கால்பந்துச் சங்கத்துக்கு ஒரு திறந்த மடல்

ஸ்காட்லாந்து கால்பந்துச் சங்க நிர்வாகிகளுக்கு வணக்கம்.

உங்கள் நாட்டு அணிக்குக் கேப்டனாக இருந்த ஆண்ட்ரூ வாட்சனைப் பற்றி இதை எழுதுகிறேன். ஒரு நாட்டு அணிக்காக ஆடிய முதல் கறுப்பின வீரர் என்று இன்று உலகம் அவரைச் சொல்கிறது. பெருமைப்பட வேண்டிய விஷயம்தான். ஆனால் பேசுகிறவர்கள் எல்லோரும் அந்த ஒரு வரியோடு அவரை முடித்துவிடுகிறார்கள். அவர் எப்படி ஆடினார், மைதானத்துக்கு வெளியே என்ன வேலை பார்த்தார், பத்துப் பைசா வருமானம் இல்லாத ஓர் ஆட்டத்துக்கு அவரால் எப்படி இவ்வளவு நேரம் கொடுக்க முடிந்தது, இவ்வளவு நன்றாக ஆடியவர் மூன்றே சர்வதேச ஆட்டங்களோடு ஏன் நின்றார் என்றெல்லாம் யாரும் கேட்பதில்லை. கடைசிக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் நீங்கள். காரணம், அவரை நிறுத்தியது உங்கள் சங்கம் வைத்திருந்த வழக்கம்.

முதலில் ஆட்டத்தைப் பார்ப்போம். 1881 மார்ச் 12, சனிக்கிழமை, லண்டன் ஓவல் மைதானம். வாட்சனுக்கு அதுதான் முதல் சர்வதேச ஆட்டம், அதிலேயே அவர்தான் கேப்டன். ஸ்காட்லாந்து 6, இங்கிலாந்து 1. சொந்த மண்ணில் இங்கிலாந்து இதைவிடப் பெரிய கோல் வித்தியாசத்தில் இன்றுவரை தோற்றதில்லை. அதே அணி ஒரு நாள் விட்டுத் திங்கட்கிழமை வேல்ஸில் உள்ள ரெக்ஸம் ஊரில் மறுபடி இறங்கி 5-1 என்று வென்றது. அடுத்த ஆண்டு மார்ச்சில், கிளாஸ்கோவின் பழைய ஹாம்டன் பார்க்கில், இங்கிலாந்துக்கு எதிராக மீண்டும் 5-1. மூன்று ஆட்டம், மூன்று வெற்றி, அடித்தது 16 கோல், வாங்கியது மூன்றே மூன்று.

அந்தக் காலத்தில் பின்னால் நிற்பவர்கள் இரண்டே பேர். முன்னால் ஆறு பேர் ஓடுவார்கள், நடுவில் இருவர், அதற்குப் பின்னால் இந்த இரண்டு ஃபுல் பேக்குகள், கடைசியில் கோல்கீப்பர். எதிரணியிலும் ஆறு பேர் பாய்ந்து வருவார்கள் என்றால் அந்த இருவரின் பாடு எப்படியிருக்கும் என்று யோசியுங்கள். அந்த இருவரில் ஒருவராக, வலமோ இடமோ எந்தப் பக்கம் நிறுத்தினாலும் ஆடக்கூடியவர் வாட்சன். உங்கள் சங்கமே அப்போது வெளியிட்ட ஆண்டு மலர் அவரைத் தலைசிறந்த பின்வரிசை ஆட்டக்காரர்களில் ஒருவர் என்று பாராட்டியது. நல்ல வேகம், பந்தைப் பறிப்பதில் தேர்ச்சி, தப்பாத வலுவான உதை, எந்தப் பிரதிநிதி அணியிலும் இடம்பெறத் தகுதியானவர் என்று அதில் எழுதியிருந்தார்கள். அவர் ஆடிய காலத்திலேயே, அவரை நேரில் பார்த்தவர்கள் கொடுத்த மதிப்பீடு அது. என்னைக் கேட்டால், அவரைப் பற்றிப் பேச ஆரம்பிக்க வேண்டிய இடம் இதுதான்.

அப்புறம் அவர் பார்த்த செயலாளர் வேலை. முதலில் பார்க்குரோவ் கழகத்திலும், பிறகு குயின்ஸ் பார்க் கழகத்திலும் அவர் செயலாளராக இருந்தார். லீக் என்ற ஒன்றே ஸ்காட்லாந்தில் 1890இல்தான் வந்தது. அதற்கு முன்பு, கோப்பை ஆட்டங்களைத் தவிர மற்ற ஆட்டங்களைக் கழகங்கள் தாங்களே பேசி முடிவு செய்துகொள்ள வேண்டும். மற்றக் கழகங்களுக்குக் கடிதம் எழுதித் தேதி வாங்குவது, ஆட்களைத் திரட்டுவது, பயணத்துக்கு ஏற்பாடு செய்வது எல்லாம் செயலாளர் தலையில்தான் விழும். அன்றைய ஸ்காட்லாந்தில் குயின்ஸ் பார்க்தான் முதன்மைக் கழகம். 1872 நவம்பர் 30 அன்று நடந்த முதல் அதிகாரப்பூர்வ சர்வதேச ஆட்டத்தில் ஸ்காட்லாந்தின் பதினொரு பேரும் அந்தக் கழகத்துக்காரர்கள். அப்படிப்பட்ட கழகத்தின் நிர்வாகத்தையும் அவர் கவனித்தார், 1881, 1882 இரண்டு ஆண்டும் ஸ்காட்டிஷ் கோப்பையை வென்ற அதன் அணியிலும் ஆடினார்.

இவ்வளவையும் சம்பளமில்லாமல் செய்தார். எப்படி முடிந்தது என்று கேட்டால், பதில் கசப்பானது. வாட்சன் 1856இல், தென் அமெரிக்காவில் இருந்த பிரிட்டிஷ் கயானாவின் (இன்றைய கயானா) டெமராராவில் பிறந்தவர். தந்தை பீட்டர் மில்லர் வாட்சன், சர்க்கரைத் தோட்டத் தொழிலில் இருந்த ஸ்காட்லாந்துக்காரர். தாய் ஹன்னா ரோஸ், அந்த மண்ணைச் சேர்ந்த கறுப்பினப் பெண். தந்தை பிள்ளையைச் சிறு வயதிலேயே பிரிட்டனுக்குக் கூட்டி வந்து ஹாலிஃபாக்ஸிலும் லண்டனிலும் நல்ல பள்ளிகளில் படிக்கவைத்தார். தந்தை 1869இல் இறந்தபோது விட்டுச்சென்ற பணம் இருந்தது. 1875இல் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் சேர்ந்ததும், ஊதியம் இல்லாமல் பந்தாடியதும் அந்தப் பணத்தின் துணையோடுதான். தாய்வழி மக்களை அடிமைகளாக வைத்து வேலை வாங்கிய தோட்டங்களால் வளர்ந்த செல்வம், மகனை ஊதியம் வாங்காமல் ஆடும் அமெச்சூர் கனவானாக ஆக்கியது.

இதைச் சொல்வது அவரைக் குறைப்பதற்காக அல்ல. அமெச்சூர் ஆட்டம் என்றால் பணத்தின் வாடையே படாத தூய ஆட்டம் என்று ஒரு பிம்பம் இருக்கிறது. பணத்தைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லாதவர்களுக்குத்தான் அந்தத் தூய்மை எளிதாக இருந்தது. ஆலையிலும் சுரங்கத்திலும் உழைத்தவன் சனிக்கிழமைக் கூலியை இழந்து ஆட முடியுமா? இங்கிலாந்தில் 1885இலேயே வீரர்களுக்கு ஊதியம் கொடுக்க அனுமதித்துவிட்டார்கள். உங்கள் சங்கம் 1893 வரை இழுத்தடித்தது.

டெமராரா என்ற பெயரைக் கண்டதும் என் போன்றவர்களுக்கு நெஞ்சில் ஏதோ இடறும். அடிமை முறை ஒழிந்தபின், அதே கரும்புத் தோட்டங்களுக்கு இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளைக் கப்பலேற்றினார்கள். மதராஸ் துறைமுகத்திலிருந்து போனவர்களில் தமிழ் பேசியவர்களும் இருந்தார்கள். அந்தச் சர்க்கரைக்குப் பின்னால் எங்கள் ஆட்களின் வியர்வையும் உண்டு.

சரி, உங்களிடம் கேட்க வந்த விஷயத்துக்கு வருகிறேன். 1882இல் வாட்சன் லண்டனுக்குக் குடிபெயர்ந்தார். அத்தோடு அவருடைய சர்வதேச வாழ்க்கை முடிந்தது. காயமும் இல்லை, வயதும் ஆகவில்லை, அப்போது அவருக்கு 26. இங்கிலாந்தில் இருந்து ஆடுகிறவர்களை உங்கள் சங்கம் நாட்டு அணிக்கு எடுப்பதில்லை, அவ்வளவுதான். லண்டனில் அவர் ஸ்விஃப்ட்ஸ் கழகத்துக்காக இங்கிலாந்தின் எஃப்.ஏ. கோப்பையில் ஆடினார். அப்புறம் கொரிந்தியன் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. ஸ்காட்லாந்திடம் அடிவாங்கி அலுத்துப்போய், ஒருவருக்கொருவர் பந்தைக் கடத்தி ஆடும் உங்கள் கூட்டாட்டத்துக்கு ஈடுகொடுக்க இங்கிலாந்துக்காரர்கள் 1882இல் உருவாக்கிய கழகம் அது. அந்தக் கழகத்துக்கே தேவைப்பட்ட ஆட்டக்காரர், சொந்த நாட்டு அணிக்கு மட்டும் எட்டாதவராகிவிட்டார்.

அந்த வழக்கத்தை நீங்கள் தளர்த்தியது 1896இல். 1889க்குப் பிறகு இங்கிலாந்தை ஒருமுறைகூட வெல்ல முடியாமல் போகவே, அங்கே ஆடிக்கொண்டிருந்த ஸ்காட்லாந்துக்காரர்களை அழைத்தீர்கள். செல்டிக் பார்க்கில் 2-1 என்று வென்றீர்கள். வாட்சனுக்கு அப்போது 40 நெருங்கிவிட்டது. கப்பல் எஞ்சினியராகப் பல காலம் கடலில் உழைத்தார். 1921 மார்ச்சில் லண்டன் கியூ பகுதியில் காலமானார். ரிச்மண்ட் கல்லறையில் அடக்கம். பிற்காலத்தில் பல பத்தாண்டுகள், பிரிட்டனின் முதல் கறுப்பினக் கால்பந்து வீரர் யார் என்ற பேச்சில்கூட அவர் பெயர் வரவில்லை. அவருக்குப் பின் ஒரு கறுப்பின வீரர் ஸ்காட்லாந்து அணிக்காகக் களமிறங்க 2004 வரை ஆனது, நைஜல் குவாஷி.

அந்த வழக்கம் வாட்சனை மட்டும் குறிவைத்ததல்ல. எல்லைக்குத் தெற்கே போன எல்லோருக்கும் அதே கதவுதான் சாத்தப்பட்டது. அதை ஒப்புக்கொண்டே கேட்கிறேன். உங்கள் பதிவேட்டில் ஆண்ட்ரூ வாட்சன் பெயருக்கு எதிரே மூன்று என்று மட்டும் இருந்தால், படிக்கிற சிறுவன் "ஏதோ மூன்று ஆட்டம் ஆடியிருக்கிறார்" என்று கடந்துபோவான்.

ஆகவே, அவர் பெயர் வருகிற இடங்களில் எல்லாம், வீரர் பட்டியலானாலும் கண்காட்சியானாலும் பள்ளிப் பிள்ளைகளுக்கான ஏடானாலும், இவற்றையும் சேர்த்து எழுதுங்கள். அவர் ஃபுல் பேக், கேப்டன், கழகச் செயலாளர். அவருடைய ஓய்வு நேரத்துக்கு விலை கொடுத்தது டெமராராவின் சர்க்கரை. 1882க்குப் பிறகு அவர் நாட்டு அணிக்காக ஆடாததற்குக் காரணம் உங்கள் தேர்வு வழக்கம், அது 1896 வரை நீடித்தது. இதே வழக்கத்தால் விடுபட்ட மற்ற ஆட்டக்காரர்களின் பெயர்களையும் உங்கள் பழைய ஆவணங்களிலிருந்து எடுத்து ஒரு பட்டியலாக வெளியிடுங்கள். அந்த ஆவணங்களைப் பார்க்கும் உரிமையும் வசதியும் உங்களிடம் இருக்கின்றன. அடுத்த இங்கிலாந்து-ஸ்காட்லாந்து ஆட்டத்துக்கு முன் இதைச் செய்ய முடியும் என்று நம்புகிறேன்.

மிகுந்த மரியாதையுடன்,
தமிழில் கால்பந்து வரலாறு படிக்கும் ஒருவன்